பூஜையில் வைத்த கிட்டார்

எனக்கு என்ன வேலை என்று யாராவது கேட்டால், நான் வாயைத் திறப்பதற்குள் என் அப்பா பதில் சொல்லிவிடுவார். "பெங்களூர்ல எலெக்ட்ரிக் வேலை." சொல்லும்போது என் முகத்தைப் பார்க்க மாட்டார். ஜீப்பின் பானெட்டைப் பார்ப்பார், ரோட்டைப் பார்ப்பார், எதிரே மேய்கிற மாட்டைக்கூடப் பார்ப்பார். நானும் மறுத்துப் பேசியதில்லை. பெங்களூரில் ஒரு ஹார்டு ராக் குழுவில் லீட் கிட்டார் வாசிக்கிறேன் என்பதை எங்கள் மலைக்கிராமமான காவலூரின் டீக்கடையில் நின்று விளக்கும் பொறுமை எனக்கும் கிடையாது.

அந்தப் பொய்யால் நான் பட்ட தொல்லை கொஞ்சநஞ்சமல்ல. ஊரில் வந்து இறங்கினால் போதும், பாடாத ரேடியோக்கள் எல்லாம் எங்கள் வீட்டு வாசலுக்கு வந்துவிடும். கூடவே டார்ச் லைட், இஸ்திரிப் பெட்டி. ஒரு தடவை ஒருவர் கிணற்று மோட்டாரையே மாட்டு வண்டியில் ஏற்றிக் கொண்டுவந்தார். கிட்டார் வயர் அறுந்தால் நானே பற்றவைத்துக்கொள்வேன் என்பதால் ரேடியோக்களை ஒரு மாதிரி சமாளித்தேன். மோட்டாரைப் பார்த்ததும், "இது பெரிய கைக்குத்தான் அடங்கும், வேலூருக்குக் கொண்டுபோங்க" என்று சொல்லித் தப்பித்தேன். அவர் மலையிறங்கும்போது திட்டிக்கொண்டே போனார்.

நாங்கள் மலைக்காரர்கள் அல்ல. அடிவாரத்திலிருந்து ஜீப் ஓட்ட ஏறிவந்த அப்பா, அப்படியே காவலூரில் வீடு கட்டிக்கொண்டார். ஆட்களையும் புளிமூட்டைகளையும் ஒன்றாக ஏற்றி மேலும் கீழும் ஓட்டுவதுதான் அவர் தொழில். டூரிங் டாக்கீஸ்காரர்களுக்காக ஜீப்பின் கூரையில் குழாய் ஸ்பீக்கரைக் கட்டி, படத்துக்கு விளம்பரம் செய்தபடியும் போவார். அந்த மைக்செட் அவருடைய சொந்தச் சொத்து. அதன்மேல் தூசு படிந்தால் துடைக்க அம்மாவின் புடவைத் தலைப்பைக் கேட்பார்.

படிப்பதற்காக என்னை ஜோலார்பேட்டையில் மாமா வீட்டில் விட்டிருந்தார்கள். மாமாவுக்கு ரயில்வேயில் வேலை. பக்கத்துக் குவார்ட்டர்ஸில் ஓர் ஆங்கிலோ இந்திய இன்ஜின் டிரைவர் இருந்தார். அவரிடம் ரெக்கார்டு பிளேயரும் ஒரு கிட்டாரும் இருந்தன. அவர் எனக்கு எதுவும் சொல்லித் தரவில்லை. நான் அவருடைய வேலிக்கு வெளியே நின்று கேட்பதைத் தடுக்கவுமில்லை. ஒரு மத்தியானம் அந்த ரெக்கார்டிலிருந்து ஒரு கிட்டார் கிழிந்துபோன குரலில் கத்தியது. ஸ்பீக்கர்தான் உடைந்துவிட்டது என்று நினைத்தேன். உடையவில்லை, அப்படித்தான் வாசிக்க வேண்டும் என்று தெரிந்தபோது எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. பள்ளிக்கூடத்தில் மூச்சு விட்டாலே அடி விழுகிற காலத்தில், வேண்டுமென்றே இவ்வளவு சத்தம் போட ஒருத்தனுக்கு அனுமதி இருக்கிறதே என்றிருந்தது. என் கதை அங்கேயே முடிந்துபோனது.

பிறகு பெங்களூர். முதலில் பகலில் ரேடியோ கடையில் எடுபிடி, சாயங்காலம் குழு. ராத்திரிக் கச்சேரிகள் கூடியதும் கடையை விட்டுவிட்டேன். கோலார் தங்கவயலிலிருந்து வந்த ஒருவன் டிரம்ஸ் அடித்தான். சுரங்கத்தில் வேலை செய்த குடும்பம், சத்தத்துக்கு அஞ்சாதவன். ஓட்டல்களில் சாப்பிடுகிறவர்களுக்கு மெதுவாக வாசிப்போம். கல்லூரி விழாக்களில் எங்களுக்குப் பிடித்த மாதிரி வாசிப்போம். கிட்டார் கம்பி அப்போது சுலபமாகக் கிடைக்காது. வெளிநாட்டிலிருந்து யாராவது கொண்டுவந்தால்தான் உண்டு. அதனால் பழைய கம்பியைக் கழற்றி வெந்நீரில் கொதிக்கவிடுவோம். அழுக்கெல்லாம் போய் இன்னும் சில நாள் பளிச்சென்று பேசும். காவலூர் வீட்டில் ஒருமுறை நான் அப்படிச் செய்தபோது அம்மா மூடியைத் திறந்து பார்த்துவிட்டு, "இன்னாடா இது, இடியாப்பமா?" என்றாள். அதற்குப் பிறகு அந்தப் பாத்திரத்தில் அவள் சோறு வடிக்கவேயில்லை.

அப்போதுவரை அப்பா என் வாசிப்பைக் கேட்டது அந்த ஒரே தடவைதான். வெந்த கம்பிகளை மாட்டி நான் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தேன். மின் கிட்டாருக்கு ஆம்ப்ளிஃபயர் இல்லாவிட்டால் குரலே கிடையாது. என்னுடையது பெங்களூரில் இருந்தது. அப்பா கதவுநிலையில் சாய்ந்து நின்றார். நான் உற்சாகமாக ஒரு நீண்ட பகுதியை வாசித்துக் காட்டினேன். என் காதுக்குள் அது முழுச் சத்தத்தோடுதான் கேட்டது. முடித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தேன். அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். அன்றைக்கு எனக்கு வந்த கோபத்தை எழுதினால் காகிதம் கருகும். அதற்குப் பிறகுதான் "எலெக்ட்ரிக் வேலை" தொடங்கியது. பிள்ளையை நினைத்து வெட்கப்படுகிறார் என்று நான் முடிவு கட்டிவிட்டேன்.

இந்த நேரத்தில்தான் என் தங்கைக்கு ஒரு வரன் வந்தது. கண்ணமங்கலத்தில் மளிகைக் கடை வைத்திருக்கும் குடும்பம். பையனைத் தங்கைக்குப் பிடித்திருந்தது. அவள் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆனால் கண்ணமங்கலம் என்ற பேச்சு வந்தால் அடுப்படியில் பாத்திரம் உருளும் சத்தம் நின்றுவிடும். முன்பே இரண்டு இடம் வந்து தட்டிப்போயிருந்ததால் வீட்டில் எல்லோருக்கும் பயம். பெண்ணின் அண்ணன் என்ன செய்கிறான் என்று அவர்களும் கேட்டார்கள். அப்பா வழக்கமான பதிலைச் சொல்லியிருந்தார்.

ஆயுத பூஜையன்று பையனின் அப்பாவும் அத்தையும் எங்கள் வீட்டுக்கு வருவதாகச் சொல்லி அனுப்பினார்கள். அன்று ஒரு நாள்தான் அப்பா ஜீப்பை எடுக்காமல் வீட்டில் இருப்பார். அப்போது என் முடி தோள்வரை தொங்கிக்கொண்டிருந்தது. தங்கை ஒரு துண்டை எடுத்துவந்து என் தலையில் முண்டாசாகக் கட்டிவிட்டாள்.

"அண்ணா, அவங்க போறவரைக்கும் இத அவுக்காத. வாயையும் தொறக்காத."

"நான் இன்னா கொலகாரனா?"

"கொலகாரனா இருந்தாகூட சொல்லிக்கலாம். நீ செய்யறத எப்படிச் சொல்றது?"

எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் முண்டாசை அவிழ்க்கவில்லை. என்னால் இவள் கல்யாணம் நின்றுபோனால் அப்புறம் அந்தக் கிட்டாரை நான் எந்த முகத்தோடு தொடுவது?

வந்தது வினை அம்மா ரூபத்தில். நான் ஆற்றுத் தண்ணீரில் குளித்துவிட்டு, முண்டாசை மறுபடி கட்டிக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தபோது பூஜை முடிந்திருந்தது. சுவரோரம் மணையின் மேல் ஜீப் சாவி, ஸ்பேனர்கள், மைக்செட், அரிவாள்மணை, என்னுடைய பற்றவைக்கும் கோல். எல்லாவற்றுக்கும் நடுவில், வீட்டுக்கு வந்த மருமகள் மாதிரி, என் சிவப்புக் கிட்டார். உடம்பெல்லாம் சந்தனம், குங்குமம். கம்பிகளுக்கு நடுவில் ஒரு செம்பருத்திப் பூ. ஒலியை வாங்கும் காந்தக் கட்டைகளின் மேலேயே சந்தனத்தைக் குழைத்து மூன்று விரலால் இழுத்திருந்தாள்.

"எம்மா! இன்னா பண்ணி வச்சிருக்கே?" என்று தங்கை அலறினாள்.

"சோறு போடுற சாமான வுட்டுட்டு கும்பிட்டா சாமி கோச்சிக்கும்" என்றாள் அம்மா, கையைத் துடைத்துக்கொண்டே.

எடுத்து ஒளித்துவைக்கவும் வழியில்லை. பூஜையில் வைத்த சாமானை மறுநாள் காலைவரை தொடக்கூடாது. தொட்டால் அந்த வருஷம் தொழில் படுத்துவிடும் என்பது எங்கள் வீட்டுச் சட்டம். வாசலில் விருந்தாளிகளின் குரல் கேட்டது. பஸ்ஸிலிருந்து இறங்கி வந்துவிட்டார்கள்.

பையனின் அப்பா கனமான மனிதர், அளந்து பேசுகிறவர். அத்தைக்கு அளக்கத் தெரியாது. பாயில் உட்கார்ந்து தண்ணீர் குடித்து முடிப்பதற்குள் அந்த அம்மாளின் கண் வீட்டை ஒரு சுற்று சுற்றிவந்து மணையில் நின்றது.

"அது இன்னாது, செவப்பா?"

தங்கை திரைக்குப் பின்னாலிருந்து, "ரிப்பேருக்கு வந்ததுன்னு சொல்லு" என்று முணுமுணுத்தது எனக்குக் கேட்டது. அப்பா சுவரைப் பார்த்தார். வாசலைப் பார்த்தார். பிறகு, அந்தக் கேள்விக்கு முதல் தடவையாக, என்னைப் பார்த்தார்.

"அது எம் பையனோட தொழில் சாமாங்க. கிட்டாரு. பெங்களூர்ல கச்சேரி பண்றான். எலெக்ட்ரிக் வேலைன்னு நாந்தான் பொய் சொல்லிட்டேன். பூஜையில வச்ச சாமான் எதிர்ல எனக்கு பொய் வரமாட்டேங்குது."

போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தேன். பையனின் அப்பா டம்ளரைக் கீழே வைத்தார்.

"கச்சேரி எந்நேரத்துல நடக்கும்?" என்று என்னைக் கேட்டார்.

"சாயங்காலம் போனா விடியக்காலத்துலகூட திரும்புவோம் மாமா."

"நீட்டா ஒரு கறுப்புப் பொட்டி எடுத்துகினு போவியாமே?"

"கிட்டார் வைக்கிற பொட்டி மாமா அது."

அவர் தன் அக்காவான அந்த அத்தையைப் பார்த்தார். அந்த அம்மாள் முதலில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு பொத்த முடியாமல் சிரித்தாள். இருமல் வரும்வரை சிரித்தாள். விஷயம் இதுதான். அவர்கள் பெங்களூரிலுள்ள ஒரு சொந்தக்காரரை விட்டு என்னைப் பற்றி விசாரித்திருக்கிறார்கள். நான் குடியிருந்த சந்தில் கிடைத்த தகவல்: தோள்வரை முடி, பகலெல்லாம் தூக்கம், இருட்டினால் நீண்ட கறுப்புப் பெட்டியோடு கிளம்புகிறான், விடியற்காலையில் கண் சிவக்கத் திரும்புகிறான், வெளிநாட்டுக்காரர்கள் வந்து ஏதோ சின்னப் பொட்டலம் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். கம்பிப் பொட்டலம்! அந்தச் சொந்தக்காரர் யோசிக்கவே இல்லை, கடத்தல்காரன் என்று சொல்லிவிட்டார்.

"வோணாம்னு நேர்ல சொல்லிட்டு போகத்தான் வந்தோம்" என்றார் பையனின் அப்பா. "தப்பா எடுத்துக்காதீங்க. எலெக்ட்ரிக் வேலைன்னீங்க. எலெக்ட்ரிக் வேலைக்கு ராத்திரில எவன் போறான்?"

அப்பாவுக்கு எங்கிருந்துதான் ரோஷம் வந்ததோ. "இன்னாங்க இப்படிச் சொல்றீங்க? தோ, எங்க ஊர்ல பெரிய பெரிய படிச்சவங்க ராத்திரியெல்லாம் முழிச்சினு நட்சத்திரம் பாக்குறாங்க. பகல்ல தூங்குறாங்க. அவங்கள யாராவது திருடன்னு சொன்னாங்களா?"

காவலூரில் வானத்தைப் பார்க்கும் கூடம் இருப்பதால் எங்கள் ஊரில் எவருக்கும் பதில் சொல்ல முடியாத வாதம் அது. பையனின் அப்பாவும் தலையாட்டினார். அந்த நிமிஷம் எனக்கு நெஞ்சிலிருந்து ஒரு புளிமூட்டை இறங்கியது. முண்டாசை அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டேன். முடி தோளில் விழுந்தது.

அத்தை மட்டும் அவ்வளவு சுலபத்தில் விடுவதாக இல்லை. "எலெக்ட்ரிக்குன்னு சொன்னாங்க, நம்பினோம். இப்ப கச்சேரின்றாங்க. ஒரு பாட்டு வாசிக்கட்டும், கேட்டுட்டு முடிவு சொல்லலாம்."

"நாளைக்கு காலைலதாங்க எடுக்கணும்" என்றாள் அம்மா.

அவர்கள் போக வேண்டிய கடைசி பஸ்ஸோ இந்தச் சிரிப்பில் தவறிப்போயிருந்தது. கொண்டுபோய் விடலாமென்றால் ஜீப்பும் பூஜையில் இருந்தது. ஆக, ராத்திரி தங்கிக் காலையில் கிட்டாரைக் கேட்டுவிட்டுப் போவது என்று முடிவாயிற்று. எனக்கு மறுபடியும் கிலி பிடித்தது. ஆம்ப்ளிஃபயர் இல்லாமல் இந்தப் பொம்மையை எப்படிப் பேச வைப்பது? விளக்கு வைக்கும் நேரத்தில் அப்பா என் பக்கத்தில் வந்து தணிந்த குரலில் கேட்டார்.

"டேய், சத்தம் வருமா?"

கிண்டல் செய்கிறார் என்று நினைத்தேன். "எல்லாம் வரும்" என்று வெடுக்கென்று சொல்லிவிட்டுத் திரும்பிக்கொண்டேன்.

காலையில் அம்மா கற்பூரம் காட்டி ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தாள். ஜீப் சக்கரங்களுக்கு எலுமிச்சம்பழம் வைத்தாயிற்று. "இதுக்கு எங்கடா வைக்கிறது?" என்று கையில் ஒரு பழத்தோடு கிட்டாரைச் சுற்றிச்சுற்றி வந்தாள். அப்போதுதான் அப்பா மைக்செட்டை ஜீப்பில் ஏற்றுவதைப் பார்த்தேன். குழாய் ஸ்பீக்கர், பேட்டரி, பெட்டி. மைக் சொருகும் ஓட்டையைக் குனிந்து பார்த்தேன். என் கிட்டார் வயரின் முனையும் அதே பருமன்தான். வாசலிலேயே சொருகியிருப்பேன். அப்பா என் கையைப் பிடித்தார்.

"இங்க வாணாம். நட்சத்திரக்காரங்க இப்பதான் படுத்திருப்பாங்க. கீழ போவலாம்."

பூஜைக்குப் பிறகு ஜீப்பின் முதல் ஓட்டம் எப்போதும் மலையடிவாரக் கோயிலுக்குத்தான். எல்லோரும் ஏறிக்கொண்டோம். பாதி இறக்கத்தில், வீடுகளே இல்லாத ஒரு வளைவில் அப்பா நிறுத்தினார். ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் பள்ளம், அதற்கப்பால் எதிர்மலை. சாலையோரக் கட்டைச் சுவரில் குரங்குகள் உட்கார்ந்து பேன் பார்த்துக்கொண்டிருந்தன.

பிற்பாடு நான் மெட்ராஸிலும் பம்பாயிலும் திறந்தவெளி மேடைகளில் வாசித்திருக்கிறேன். பத்திரிகையில் படம்கூட வந்தது. எண்பதுகளின் நடுவில் டிஸ்கோ வந்து எங்களை ஓரங்கட்டும்வரை நன்றாகவே ஓடியது. குழு கலைந்த பிறகு சினிமா ஒலிப்பதிவுக்கூடங்களில் வாசித்துக் காலம் தள்ளினேன், குறையில்லை. ஆனால் எந்த மேடையிலும் அந்த வளைவில் பயந்ததுபோல நான் பயந்ததில்லை. தங்கை ஜீப்பின் பின்சீட்டில் கண்ணை இறுக மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

வயரைச் சொருகினேன். கிட்டாரின் சுவிட்சைத் தள்ளியதும் கரகரவென்று ஒரு சத்தம். அம்மாவின் குங்குமம் உள்ளே போயிருந்தது. "போச்சுடா" என்று தங்கை முனகினாள். சுவிட்சை இரண்டு மூன்று முறை முன்னும் பின்னும் தள்ளினேன். கரகரப்பு அடங்கியது. கையை ஓங்கி, ஆறு கம்பியையும் சேர்த்து ஒரே அடி.

படத்தின் பெயரைச் சொல்வதற்காகச் செய்த ஸ்பீக்கர் அது. இப்படி ஒரு உதையை அது எதிர்பார்க்கவில்லை. கிழிந்துபோய் அலறியது. ஜோலார்பேட்டை வேலிக்கு வெளியே நின்று நான் கேட்ட அதே கிழிசல். பெங்களூரில் எவ்வளவோ பாடுபட்டு நாங்கள் வரவழைக்கும் அந்தக் குரல் ஒரு ஓட்டை மைக்செட்டிலிருந்து சும்மா வந்து கொட்டியது. எதிர்மலை அதை வாங்கித் திருப்பி அடித்தது. சுவரில் ஒரு குரங்கு மிச்சமில்லை. எனக்குப் பயம் தெளிந்துவிட்டது. மெதுவாக ஏதாவது வாசித்து நல்லபேர் வாங்கலாம் என்ற யோசனையைத் தூக்கி எறிந்துவிட்டு, எனக்குப் பிடித்ததைப் பிடித்த மாதிரி, கம்பியை வளைத்து இழுத்து, மூச்சு முட்டும்வரை வாசித்தேன்.

நிறுத்தியபோது பள்ளத்தாக்கு முழுக்க அமைதி. பையனின் அப்பா காதிலிருந்து விரலை எடுத்தார்.

"இதையா பெங்களூர்ல காசு குடுத்து கேக்குறாங்க?"

"ஆமா மாமா."

"குடுக்கட்டும், குடுக்கட்டும்" என்றார்.

அத்தை தலைமுடியைச் சரிசெய்துகொண்டு அம்மாவிடம் திரும்பினாள். "எல்லாம் சரிம்மா. கல்யாணத்துக்கு மட்டும் இது வாணாம். நாதஸ்வரமே வச்சிக்கலாம்."

பின்சீட்டில் தங்கை கண்ணைத் திறந்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று சொல்ல முடியவில்லை. அம்மா அவள் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். அப்பாடா என்று நான் ஜீப்பின் மட்கார்டில் சாய்ந்தேன்.

அப்பா அங்கே இல்லை. ஜீப்பின் முன்பக்கம் போயிருந்தார். கூரையில் கட்டியிருந்த ஸ்பீக்கரின்மேல் ஒரு கையை வைத்துக்கொண்டு நின்றிருந்தார். துண்டு முகத்தில் இருந்தது. நான் பக்கத்தில் போனதும் எடுத்தார்.

"இம்மாஞ் சத்தம் வருதாடா இதுல?"

"வரும்பா. ராத்திரியே சொன்னேனே."

"அன்னிக்கு வூட்ல வாசிச்சியே, கொசு கத்துறாப்ல இருந்துச்சு. இத வச்சினு இவன் எப்படிப் பொழைப்பான், இவனுக்கு எவன் சோறு போடுவான்னு அன்னியிலேர்ந்து எனக்கு தூக்கமே இல்லடா. வெளிய சொல்லவும் வாய் வரல. அதான் எலெக்ட்ரிக் வேலைன்னு சொல்லினு இருந்தேன்."

வெட்கம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்ததெல்லாம் பயம். என் பிழைப்பைப் பற்றிய பயம். இத்தனை வருஷம் அவர்மேல் நான் வைத்திருந்த கோபத்தை எங்கே கொண்டுபோய்ப் போடுவது என்று தெரியாமல் நின்றேன்.

அப்பா குனிந்து மைக்செட்டின் சத்தம் கூட்டும் திருகை அது போகும் மட்டும் திருப்பினார்.

"இன்னொரு தபா அடி" என்றார்.